தென்கடல் உப்பும் கார்பன் ட்ரைபாடும்

என் கார்பன் ஃபைபர் கேமரா ட்ரைபாட் மறுபடியும் சர்வீஸிலிருந்து வந்திருக்கிறது. அதே மாடல் இப்போது விலை குறைந்திருக்கிறது, பாம்பன் பக்கம் ஆவணப்படம் எடுக்க வாங்கலாமா என்று ஒரு நண்பர் கேட்கிறார்.

கேமராவைத் தாங்கித் திருப்பும் மேல்பகுதியான ஹெட்டில் ஒரு குறையும் இல்லை. தனுஷ்கோடியில் கரைவலைக் கயிற்றைப் பிடித்துப் பின்னோக்கி நடந்து வருகிறவர்களை 200 எம்எம் லென்ஸில் பேன் செய்தால், அதாவது கேமராவைப் பக்கவாட்டில் திருப்பித் தொடர்ந்தால், தொடங்கும்போதும் நிற்கும்போதும் துளி உதறல் கிடையாது. கேமரா எடையை ஈடுகட்டும் ஸ்பிரிங்கான கவுன்ட்டர் பேலன்ஸ் சரியாக இருந்தால் கையை விட்ட இடத்தில் கேமரா நிற்கும். பூநாரைகள் திடீரென்று எழும்பினால் திருப்பும்போது இருக்கும் இறுக்கத்தை, அதாவது டிராக்கை, ஒரு படி குறைத்தால் போதும். அருமையான ஹெட்.

கோளாறெல்லாம் காலில். மன்னார் வளைகுடாவின் 21 தீவுகளும் 1986 முதல் கடல்சார் தேசியப் பூங்கா. வனத்துறை அனுமதியில்லாமல் இறங்க முடியாது. அதனால் வேலை பெரும்பாலும் கரையிலும் முழங்கால் தண்ணீரிலும்தான். அங்கேதான் கால் குழாய்களைத் திருகி இறுக்கும் இந்த ட்விஸ்ட் லாக் உயிரை வாங்குகிறது. கச்சான் காற்று அடிக்கும்போது மணல் தரையோடு பறந்து வந்து ஈரக் குழாயில் அப்பும். அப்படியே மடக்கினால் மரைக்குள் போய்க் கரகரவென்று அரைக்கும். பிறகு லாக் இறுகாது. கால் மெல்ல இறங்கி, ஷாட்டின் நடுவில் தொடுவானம் சாயும்.

மணலைக் கழுவிவிடலாம். உப்பு விடாது. கார்பனும் அலுமினியமும் சேரும் இடத்தில் உப்புநீர் தங்கினால் அலுமினியம் அரிக்கும். கார்பன் குழாயின் முனையில் ஒட்டியிருக்கும் அலுமினிய வளையமான காலரின் விளிம்பில் வெள்ளைத் தூள் பூக்கும், பசை விடும், லாக்கைத் திருகினால் காலரும் சேர்ந்தே சுற்றும். எந்தக் கார்பன் காலும் இங்கே கவனிப்பில்லாமல் தாங்காது என்பதும் நியாயம்தான். ஆனால் இந்த விலைக்கு அந்த இணைப்பை இன்னும் ஒழுங்காக மூடியிருக்க வேண்டும்.

ஏற்கெனவே வைத்திருப்பவர்கள், பாசி எடுக்கும் பெண்களோடு தண்ணீரில் இறங்கும்போது அடிக்குழாயை முழுதாக நீட்டுங்கள், லாக் தண்ணீருக்கு மேலே நிற்கும். கரையேறியதும் மடக்காமலே நல்ல தண்ணீர் ஊற்றுங்கள். இரண்டு லிட்டர் போதும், ஆனால் உவர்க் கிணற்று நீர் கூடாது. இரவில் கீழ்லாக்கைக் கழற்றி, குழாய்களுக்கு இடையே பிடித்து நிறுத்தும் பிளாஸ்டிக் ஷிம் இரண்டும் எந்தப் பக்கம் பார்த்திருந்தன என்று குறித்துக்கொண்டு எடுங்கள். மரையைப் பழைய டூத்பிரஷ்ஷால் தேய்த்து, காய்ந்தபின் மரைக்கு மட்டும் மெல்லிசாகக் கிரீஸ். ஷிம்மில் பட்டால் லாக் வழுக்கும். ஹெட்டுக்கு ஈரத்துணி மட்டும், ஸ்ப்ரே எதுவும் அடிக்கவே கூடாது. காற்றுக்கு எடைப் பையைத் தொங்கவிட்டால் அது ஊசலாடி லென்ஸையும் ஆட்டும், அடி தரையைத் தொடும்படி கட்டுங்கள்.

வள்ளத்தில் இன்ஜின் அதிர்வுக்கு இந்த ட்ரைபாட் எதற்கும் உதவாது.

வாங்கலாமா? பாதி விலைக்குக் கொடுத்தாலும் வேண்டாம். ஹெட் தனியாகவும் கிடைக்கிறது. அதை வாங்கி, ஹெட் உட்காரும் 75 எம்எம் கிண்ணமும் (பவுல்), நெம்பி மூடும் ஃப்ளிப் லாக்கும் உள்ள அலுமினியக் காலில் மாட்டுங்கள். எடை கூடும், தோள் வலிக்கும். ஆனால் லாக்கின் போல்ட் போனால் ராமநாதபுரத்து ஹார்ட்வேர் கடையிலேயே வாங்கி மாற்றலாம். ஸ்டெயின்லெஸ் என்று கேட்டு வாங்குங்கள்.