89 வெள்ளி வடிகட்டியும் அப்பாவின் சிராப்பும்

மலேசியாவின் சுங்கை சிப்புட்டில் தூண்டில், கூடாரம் விற்கும் ஒரு கடையில் இந்தத் தண்ணீர் வடிகட்டியை வாங்கி ஐந்து மாதம் ஆகிறது. விலை 89 வெள்ளி. உள்ளங்கைக்குள் அடங்கும் குழாய். உள்ளே நூல் நூலாக மெல்லிய குழல்கள், கட்டாக. அவற்றின் சுவரில் இருக்கும் துளை 0.1 மைக்ரான் என்று அட்டை சொல்கிறது. தண்ணீர் உள்ளே வரும், சேறும் பாக்டீரியாவும் வெளியிலேயே நிற்கும். "எந்தத் தண்ணியா இருந்தாலும் குடிக்கலாம் அண்ணே" என்றார் கடைக்காரர். அந்த ஒரு பேச்சுக்காகத்தான் இதை எழுத உட்கார்ந்தேன்.

நல்லதை முதலில் சொல்லிவிடுகிறேன். மலைப்பக்கம் ஏறியபோது இரண்டு முறை ஓடைத் தண்ணீரை இதில் குடித்தேன், வயிறு ஒன்றும் சொல்லவில்லை. மூன்று லிட்டரைத் தோளில் சுமந்து ஏறும் தொல்லையும் போனது. ஆனால் மழைக்கு மறுநாள் ஓடை தே தாரிக் (பால் தேநீர்) நிறத்தில் வந்ததே, அன்று மாட்டிக்கொண்டேன். நாலு வாய் உறிஞ்சியதும் கன்னம் வலித்தது, தண்ணீர் வரவில்லை. கூட வந்த ஊசிக்குழலில் சுத்தமான தண்ணீரை எடுத்துப் பின்பக்கமாக அடித்த பிறகுதான் மஞ்சள் சேறு கக்கி வழிவிட்டது. இப்போதெல்லாம் பாத்திரத்தில் தெளியவைத்து, துணியில் வடித்து, அப்புறம்தான் இது.

அப்பா ரப்பர் தோட்டத்தில் பால்மரம் வெட்டியவர், பிறகு செம்பனைக்கு மாறியதும் பல வருடம் களைக்கு மருந்து அடித்தவர். குழாயைத் திருப்பித் திருப்பிப் பார்த்துவிட்டு, ஒரு கிளாஸ் ரோஸ் சிராப் கரைத்துக் கொண்டுவந்தார். "இதுல விட்டுப் பாருடா." விட்டேன். மறுபக்கம் அதே ரோஸ் நிறம், அதே இனிப்பு. "சீனி வருதுல்ல? அப்ப மருந்து வராதா?"

அவ்வளவுதான் விஷயம். தண்ணீரில் கரைந்ததை இந்தக் குழல்கள் தடுக்காது. பாராக்குவாட் என்ற களை மருந்தை இங்கே 2020இல் தடை செய்துவிட்டார்கள், சரி. கிளைபோசேட் என்ற களை மருந்தும் உரமும் இன்னும் இருக்கின்றன. கொதிக்கவைத்தாலும் அவை போகாது. தோட்டத்துக் கால்வாய் எவ்வளவு தெளிவாக ஓடினாலும் அதில் வாய் வைக்காதீர்கள். கடைக்காரருக்கும் இந்த சிராப் கதையைச் சொன்னேன், சிரித்தார்.

கிருமி விஷயத்திலும் அட்டையை முழுதாக நம்ப வேண்டாம். வைரஸ் இந்தத் துளையைவிடச் சின்னது. எலிச் சிறுநீரால் பரவும் கென்சிங் திக்குஸ் (லெப்டோஸ்பைரோசிஸ்) கிருமியும் நூல் மாதிரி மெல்லியது, இப்படிப்பட்ட துளைகளில் நுழைந்து போகக்கூடியது. 2010இல் பகாங் லூபோக் யூவில் ஒருவரைத் தேடி ஆற்றில் இறங்கியவர்களில் சிலர் பிறகு இதுபோன்ற கிருமி நோய்கள் வந்து இறந்ததை இங்கே பலர் மறந்திருக்க மாட்டார்கள். அடுப்பு இருந்தால் வடிகட்டிய பிறகு ஒரு நிமிடம் நன்றாகக் கொதிக்கவிடுங்கள்.

குழாயே இல்லாவிட்டால்? அப்பா பாராங் கத்தியை எடுத்தார். தொங்கும் காட்டுக்கொடியை முதலில் எட்டிய உயரத்தில் வெட்டினார், பிறகு கீழே. கீழே முதலில் வெட்டினால் தண்ணீர் மேலேயே ஏறிக்கொள்ளுமாம். துண்டைச் சாய்த்ததும் சொட்டுச் சொட்டாகத் தெளிந்த தண்ணீர். வெள்ளையாகவோ கசப்பாகவோ வந்தால், நாக்கு அரித்தால், உடனே துப்பிவிட வேண்டும். "பாலு வந்தா வெட்டுக்கு, தண்ணி வந்தா வாய்க்கு" என்றார். எந்தக் கொடி என்று பார்த்தவுடன் சொல்ல அவருக்குத் தெரியும், எனக்குத் தெரியாது. நான் தனியாக முயல மாட்டேன்.

ஐந்துக்கு மூன்று நட்சத்திரம். ஈரத்தோடு பையில் போட்டால் நாறும், ஊதி உலர்த்தி வையுங்கள். ஊசிக்குழலை அப்பா வாசல் ரோஜாவுக்குப் பூச்சி மருந்து அடிக்க எடுத்துக்கொண்டார். இனி அதை வாங்கி என்ன செய்ய? புதிதாக ஒன்று வாங்க வேண்டும்.