அரவிந்த் பார்வை மையம்: கண்புரைக்கு முதலில் இங்கே போகலாம்

கண்ணாடி மாற்றியும் அப்பாவுக்கு மங்கல் தீரவில்லை, அதனால் மதுரை அரவிந்த் கண் ஆஸ்பத்திரிக்கு ஓடாமல், பக்கத்து ஊரில் அவர்கள் நடத்தும் சின்ன பார்வை மையத்துக்கே கூட்டிப்போனேன். ஸ்லிட் லேம்ப் (கண்ணைப் பெரிதாக்கிப் பார்க்கும் கருவி), கண் அழுத்தம் எல்லாம் அங்கேயே பார்த்துவிட்டார்கள், டாக்டர் வீடியோவில் பேசினார். கண்புரைதான் என்றார், ஆனால் புரை முற்றட்டும் என்கிற பழைய கதையே இல்லை. படிக்க, ரோட்டைக் கடக்க, ராத்திரி எதிரே வரும் வண்டி வெளிச்சத்தில் சிரமமா என்றுதான் கேட்டார்கள். ஆமாம் என்றதும் ஆபரேஷனுக்குச் சீட்டு. அதில் சர்க்கரை, பிரஷரோடு, புராஸ்டேட்டுக்கு அப்பா சாப்பிடும் டாம்சுலோசினையும் குறித்தார்கள் (அந்த மாத்திரையால் ஆபரேஷனில் கண்பாவை சரியாக விரியாமல் போகலாம், சர்ஜனுக்கு முன்பே தெரியவேண்டும்). இதைக் கேட்டு எழுதியதற்கே நல்ல மார்க். ஆனால் திடீரெனக் கண் வலித்துச் சிவந்து பார்வை குறைந்தால் அது வேறு விஷயம், அன்றைக்கே பெரிய ஆஸ்பத்திரிக்குப் போய்விடுங்கள்.