தில்லையா, பாடலியா, முல்லையா? பெண் குழந்தைக்குச் செடிகொடிப் பெயர் தேடும் கடலூர், புதுவைப் பெற்றோருக்கு

"பொண்ணுக்குப் பூப் பேரா வைக்கலாம்" என்று வீட்டில் ஒருவர் சொல்லிவிட்டால் போதும், அரை மணி நேரத்தில் ஒரு தாள் நிறைந்துவிடும். அதிலிருந்து ஒன்றைப் பொறுக்குவதில்தான் தடுமாற்றம். வாசலில் நின்று கூப்பிடும் பாட்டி, வகுப்பில் கேலி செய்யும் பிள்ளைகள், கணினியில் தட்டும் எழுத்தர், தமிழ் தெரியாத ஊரில் அதை வாசிக்கப்போகிறவர் என்று நான்கு பேர் கையில் அந்தப் பெயர் படப்போகிறது. இந்த நால்வரையும் மனத்தில் வைத்தும், செடியின் குணத்தைக் கணக்கில் எடுத்தும் பெயர்களை ஒன்றோடொன்று மோதவிட்டுப் பார்க்கலாம்.

சிதம்பரத்து மரமும் கடலூர் மரமும்

இந்த வட்டாரத்துக்கே உரிய பெயர் வேண்டும் என்பவர்களுக்கு இரண்டு மரங்கள் இருக்கின்றன. ஒன்று சிதம்பரத்தின் தலமரமான தில்லை. மற்றொன்று திருப்பாதிரிப்புலியூருக்கே பெயர் கொடுத்த பாதிரி.

தில்லை உப்பங்கழி மரம். தாவரவியலில் எக்ஸ்கோகேரியா அகலோச்சா. பிச்சாவரம் அலையாத்திக் காட்டில் இன்றும் பார்க்கலாம். ஆண் மரம் தனி, பெண் மரம் தனி. உதிரும் முன் இலை சிவந்துவிடும். ஓர் இலையைக் கிள்ளினால் காம்பில் வெள்ளைப் பால் திரளும். அது தோலில் பட்டால் கொப்புளம், கண்ணில் பட்டால் பார்வைக்கே ஆபத்து. ஆகவே "விஷ மரத்துப் பேரா?" என்று உறவில் யாராவது கேட்பார்கள். அதை நான் பெரிதாக எடுத்துக்கொள்ள மாட்டேன். தில்லை என்றதும் தமிழர் காதில் விழுவது ஊரும் அங்கே ஆடுகிறவனும்தான், மரப்பால் அல்ல. உண்மையான சிக்கல் வேறு: தில்லை ஆணுக்கும் பொது. தில்லை நடராசன்கள் எல்லோரும் வீட்டில் "தில்லை"தான். பெயரை மட்டும் பார்க்கிறவருக்கு ஆணா பெண்ணா என்று தெரியாது. தில்லைநாயகி என்றால் தெளிவு வந்துவிடும், ஆனால் நீளம். பள்ளியில் "தில்லாலங்கடி" என்று சீண்டுவார்கள். அது காயப்படுத்துகிற கேலி இல்லை.

பாதிரிப்பூ தில்லைக்கு நேர் எதிர். குழல் போன்ற பூ, மங்கிய செந்நிறம், சுருங்கிய இதழ் விளிம்பு, நல்ல மணம். புதுப்பானையில் இந்தப் பூவைப் போட்டு வைத்தால் பானை மணமேறி, பிறகு ஊற்றுகிற தண்ணீருக்கும் அந்த மணத்தைக் கொடுக்கும். கல்லாதவரும் கற்றவரோடு சேர்ந்து பழகினால் அறிவு பெறுவார்கள் என்பதற்கு நாலடியார் இதைத்தான் உவமையாக வைத்தது. இவ்வளவு அழகான பொருள் இருந்தும் "பாதிரி" என்று பெண்ணுக்கு வைக்க முடியாது. போர்த்துக்கீசியத்திலிருந்து வந்த இன்னொரு பாதிரி, தேவாலயத்துப் பாதிரியார், அந்தச் சொல்லை முழுவதுமாக எடுத்துக்கொண்டார். ஆனால் அதே மரத்துக்கு வடமொழியில் பாடலி என்று பெயர். கோயிலில் இறைவன் பாடலீசுவரர். ஆகவே பெண்ணுக்குப் பாடலி.

பாடலி மூன்றெழுத்து, எந்த வாயிலும் நுழையும், "பாடல்" என்ற சொல்லும் உள்ளே கேட்கிறது. வகுப்பில் இன்னொரு பாடலி இருக்க வாய்ப்பே குறைவு. குறை ஒன்று உண்டு: புதிய பெயர் என்பதால் எழுத்தர் பாதிப்பேர் "பாட்டாளி" என்றோ "பதாலி" என்றோ தட்டிவிடுவார்கள். ஆங்கிலத்தில் முதல் எழுத்துக்குப் பின் இரண்டு "ஏ" போட்டு எழுதினால் இந்தத் தவறு குறையும். கடலூர்க்காரர்களுக்கு நான் முதலில் சொல்லும் பெயர் இதுதான்.

நீரில் பூப்பவை

தாமரையும் அல்லியும் ஒன்றுக்கொன்று உறவு என்று பலர் நினைக்கிறார்கள். தாவரவியலில் வேறு வேறு குடும்பம். தாமரை இலை நீருக்கு மேலே எழுந்து நிற்கும், தண்ணீர் ஒட்டாது. அல்லி இலை நீர்மேல் படுத்துக்கிடக்கும். பெயராக வைக்கும்போதும் இரண்டின் தலைவிதி வேறு. தாமரையை நேராக வைத்தால் தேர்தல் சின்னமும் படர்தாமரையும் பேச்சில் வரும். தாமரைச்செல்வி என்றால் அந்தத் தொல்லை இல்லை. நேராக வேண்டாம் என்பவர்களுக்குப் பின்வாசல் நிறைய இருக்கிறது: கமலா, பத்மா, நளினி, பங்கஜம், சரோஜா, அம்புஜம் எல்லாமே தாமரைதான். பங்கஜம் சேற்றில் பிறந்தது, சரோஜா குளத்தில் பிறந்தது, அம்புஜம் நீரில் பிறந்தது. புதுவை மக்கள் தினமும் சொல்லும் அரவிந்தர் என்ற பெயரும் தாமரையே. இவற்றில் இன்றைக்குப் பழசாகத் தெரியாதது நளினி மட்டும்.

அல்லி மூன்றே எழுத்து. உலகத்தில் யாரும் தப்பாக வாசிக்க முடியாத பெயர். "அல்லி ராஜ்ஜியமா?" என்று கேட்பார்கள்; அது ஆளுகிற பெண்ணைப் பற்றிய சொல், கேட்டுவிட்டுப் போகட்டும்.

ஆம்பலும் குவளையும் சங்கப் பாட்டில் மயக்கும், தெருவில் சறுக்கும். "ஆம்பல்" என்று கூப்பிட்டால் "ஆம்பளையா?" என்று ஒருவன் கேட்பான், அதோடு பெண்ணின் பள்ளிக்காலம் முழுக்க அது ஒட்டிக்கொள்ளும். குவளை என்றால் தண்ணீர் மொண்டு குடிக்கும் பாத்திரம்தான் முதலில் ஞாபகம் வருகிறது. இரண்டையும் ஒதுக்கிவிடுவேன். கடற்கரைத் திணையின் பூவான நெய்தல் இவற்றைவிடத் தேவலை. துணி நெய்வது என்ற இன்னொரு பொருளும் அதில் கிடக்கிறது. நெசவுக் குடும்பங்களுக்கு இரட்டைப் பொருத்தம்.

முல்லை, மல்லிகை, மாலதி

மூன்றும் ஒரே பேரினத்தைச் சேர்ந்த மணப்பூக்கள். மல்லிகா அம்மாக்கள், அத்தைகளின் தலைமுறைப் பெயராக நின்றுவிட்டது. ஜாதிமல்லியை அப்படியே வைக்க யாருக்கும் மனம் வராது. முதல் இரண்டு எழுத்தே போதும் தடுக்க. அந்த ஜாதிப்பூவுக்கே மாலதி என்று ஒரு பெயர் உண்டு என்பது பல மாலதிகளுக்குத் தெரியாது. அதேபோல மாதவி என்பது குருக்கத்திக் கொடி. வள்ளி என்பதும் கொடிதான்.

முல்லை இன்றைக்கு அதிகம் கேட்கப்படும் பெயர், அதற்கு அருகதையும் உள்ளது. ஆனால் ஒரு விஷயத்தில் மிகுந்த கவனம் வேண்டும். ஆங்கிலத்தில் இரண்டு "எல்" வர வேண்டிய இடத்தில் ஒன்று விடுபட்டால், தமிழில் அது உடலுறுப்பைக் குறிக்கும் சொல்லாகிவிடும். பன்னிரண்டு வயதுப் பெண்ணுக்கு வருகைப் பதிவேட்டில் ஓர் எழுத்துக் குறைந்தால் என்ன நடக்கும் என்று சொல்லத் தேவையில்லை. முல்லைக்கொடி, முல்லைமலர் என்று நீட்டினாலும் "எல்" விடுபடலாம்தான், ஆனால் வாசிக்கிறவர் பூ என்று புரிந்துகொள்வார். தனி முல்லைதான் வேண்டும் என்றால், பிறப்புச் சான்றிதழிலிருந்து ஒவ்வொரு ஆவணத்திலும் அந்த இரண்டு "எல்"லைக் கண்ணில் விளக்கெண்ணெய் ஊற்றிக்கொண்டு பார்க்க வேண்டும்.

இன்னொன்று: ஐ-யில் முடியும் எல்லாப் பெயரும் நம் பேச்சில் குறுகும். "முல்ல, இங்க வா", "தில்ல எங்கடி?" என்றுதான் வீட்டில் ஒலிக்கும். எழுத்தில் பார்த்து மயங்காமல், ஒரு நாள் முழுக்க அந்தப் பெயரைச் சத்தமாகக் கூப்பிட்டுப் பார்த்துவிட்டு முடிவு செய்யுங்கள்.

ழகரம் உள்ளவையும் நஞ்சு உள்ளவையும்

மகிழம்பூ உதிர்ந்து காய்ந்த பிறகும் மணக்கும். மகிழ் என்றால் மரம், மகிழ் என்றால் மகிழ்ச்சியும்கூட. அதிலிருந்து வரும் பெயர் மகிழினி. மகிழினிக்குப் போட்டியாக நிற்கக்கூடிய தாழை இதில் தோற்றுவிடுகிறது. "தாழ" என்று ஒலிக்கிறது, சிவபூசைக்கு ஆகாத பூ என்ற கதையும் பின்னால் வருகிறது. அதோடு, நாம் தலையில் வைக்கும் தாழம்பூ ஆண் மரத்தின் பூங்கொத்து.

மகிழினிக்குள்ள ஒரே தொல்லை "இசட் எச்". தமிழ்நாட்டைத் தாண்டினால் மகிசினி, மகிஜினி என்று ஆகும். ஆங்கில எழுத்திலிருந்து தமிழுக்குத் தானாக மாற்றும் மென்பொருளும் இதே இடத்தில் இடறும். பிள்ளை வெளியூரில் வளரப்போகிறாள் என்றால் இதை யோசியுங்கள். இங்கேயே வளர்வாள் என்றால் தயங்க வேண்டாம்.

காந்தள் தமிழ்நாட்டின் மாநில மலர், குறிஞ்சிப்பாட்டின் பூ வரிசையில் முதலாவது. கிழங்கில் கொல்கிசின் நிறைந்திருக்கிறது; தின்றால் உயிருக்கே ஆபத்து. இருந்தாலும் நான் இதை விலக்குவது நஞ்சுக்காக இல்லை. ளகரம் லகரமானால் "காந்தல்". அது சட்டியின் அடியில் தீய்ந்து ஒட்டிக்கொள்ளும் சோறு. குறிஞ்சியில் இப்படி எந்தப் பள்ளமும் இல்லை. 12 ஆண்டுக்கு ஒரு முறை பூக்கும் நீலக்குறிஞ்சி 2006-லும் 2018-லும் மலையை மூடியது. றகரத்தை ரகரமாக எழுதிவிடுவார்கள் என்பது மட்டுமே எச்சரிக்கை. அனிச்சம் எந்தச் செடி என்பதிலேயே அறிஞர்களுக்குள் ஒருமித்த கருத்து இல்லை. மோந்தாலே வாடும் என்று குறள் சொல்கிற பூவைப் பெண்ணுக்கு வைப்பதும் எனக்கு ஒப்பவில்லை.

நாகலிங்கப்பூ புதுச்சேரியின் மாநில மலர். தென் அமெரிக்காவிலிருந்து வந்த மரம், அழகான பூ. பெயர் ஆண் பெயராக ஊன்றிவிட்டது, அவ்வளவுதான்.

புதுவையில் மட்டும் வரும் கேள்வி

குடும்பத்தில் பிரெஞ்சுக் குடியுரிமை உள்ளவர்கள் ஆங்கில எழுத்துக்கூட்டலோடு பிரெஞ்சு வாசிப்பையும் சேர்த்துச் சோதிக்க வேண்டும். பிரெஞ்சில் "யு" எழுத்து நம் உகரமாக ஒலிக்காது. அதனால்தான் பழைய புதுவை ஆவணங்களில் முருகனுக்கும் குப்புசாமிக்கும் "ஓ, யு" என்று இரண்டு எழுத்து சேர்த்து எழுதியிருக்கும். முல்லையையும் குறிஞ்சியையும் அப்படித்தான் எழுத வேண்டிவரும். துளசியில் இரண்டு உயிரெழுத்துக்கு நடுவே ஒற்றை "எஸ்" வந்தால் "இசட்" ஒலியாகிவிடும், ஆகவே இரட்டை "எஸ்". தில்லை படும் பாடு இன்னும் மோசம்: "ஐ, எல், எல்" சேர்ந்தால் பிரெஞ்சுக்காரர் பெரும்பாலும் யகரமாக வாசிப்பார், "தியே" என்று கேட்கும். மகிழினியில் "ஐ"க்கு முன் வரும் "ஜி" வேறு ஒலியாகும். இந்தச் சோதனையில் சேதமில்லாமல் வெளியே வருபவை அல்லி, பாடலி, நளினி, மாலதி. பாரீசில் பாட்டியும் முத்தியால்பேட்டையில் பாட்டியும் உள்ள குழந்தைக்கு இந்த நான்கில் ஒன்றைத் தாராளமாகச் சொல்லலாம். கிறிஸ்தவக் குடும்பங்களுக்கு ரோஸ் ஆங்கிலம், பிரெஞ்சு இரண்டிலும் பூவாகவே நிற்கும்; லில்லியும் உண்டு. சூசன் என்பதும் எபிரேயத்தில் லில்லிதான்.

நட்சத்திர எழுத்து பார்க்கிற வீடு

அங்கே பட்டியல் தானாகவே சுருங்கும். மகம் என்றால் ம, மி, மு, மே. முல்லை, மாலதி, மகிழினி எல்லாம் பொருந்தும். விசாகத்துக்குத் தி, து, தில்லை, துளசி. உத்திரம், மூலம் இரண்டிலும் பகரம் வரும் பாதங்கள் உண்டு, அவை பாடலிக்கு. கார்த்திகை முதல் பாதம் அகரம், அல்லிக்கு. அவிட்டத்தில் கு வரும் பாதம் குறிஞ்சிக்கு. எழுத்து பொருந்தவில்லை என்றால் ஜாதகப் பெயரைத் தொட்டிலில் காதில் ஓதிவிட்டு, சான்றிதழில் பிடித்த பெயரை வைப்பது இங்கே வெகுகால வழக்கம்.

பதிவு

பிறப்பை 21 நாளுக்குள் பதிய வேண்டும். பெயர் அப்போதே கட்டாயமில்லை. 12 மாதத்துக்குள் பெயரைத் தாமதக் கட்டணம் இல்லாமல் சேர்க்கலாம். அதற்குப் பிறகு கட்டணத்தோடு 15 ஆண்டு வரை. ஆகவே பத்து நாளில் அவசரப்பட்டு வைக்கத் தேவையில்லை. கவனிக்க வேண்டியது இடம்: கடலூர் குடும்பம் புதுவை மருத்துவமனையில் பிள்ளை பெற்றால் பதிவு புதுவையில்தான் இருக்கும். பெயர் சேர்க்கக் கடலூர் மாநகராட்சியில் வரிசையில் நின்று பயனில்லை. அந்த மருத்துவமனை எந்த நகராட்சி எல்லையில் இருக்கிறதோ அங்கே போக வேண்டும்.

2023 அக்டோபர் 1 முதல் பிறந்தவர்களுக்குப் பள்ளிச் சேர்க்கை தொடங்கிப் பலவற்றுக்கும் பிறப்புச் சான்றிதழே பிறந்த நாளுக்கும் இடத்துக்கும் ஆதாரம். நீல நிறப் பால ஆதாருக்கும் அதுவே அடிப்படை. ஆதாரில் பெயரை வாழ்நாளில் இரண்டு முறைதான் திருத்தலாம். ஓர் எழுத்துப் பிழைக்கு ஒரு வாய்ப்பைச் செலவழிப்பது வீண். கடவுச்சீட்டில் முன்னெழுத்தை விரித்து எழுதச் சொல்வார்கள், ஆகவே முன்னெழுத்து எப்படி வரும் என்பதையும் இப்போதே முடிவு செய்து எல்லா இடத்திலும் ஒரே மாதிரி வையுங்கள்.

படிவத்தோடு ஒரு தனித்தாளில் பெயரைத் தமிழிலும், ஆங்கிலத்தில் பெரிய எழுத்திலும் எழுதிக் கொடுங்கள். வாயால் சொல்லி எழுதவிடாதீர்கள். சான்றிதழ் கைக்கு வந்ததும் அங்கேயே நின்று ஒவ்வொரு எழுத்தாக விரல் வைத்து வாசித்து, முல்லைக்கு இரண்டு "எல்" இருக்கிறதா, பாடலிக்கு இரண்டு "ஏ" இருக்கிறதா என்று பார்த்துவிட்டுப் படியிறங்குங்கள்.