ஒரு கெட்ட வார்த்தையின் ஆயிரம் வருட ஜாதகம்: கிரீன் ஸ்லாங் அகராதி, ஒரு சப்டைட்டில்காரியின் அனுபவம்

பிரிட்டிஷ் தொடர்களுக்குத் தமிழில் சப்டைட்டில் எழுதுவது என் தொழில். ஒன்பது வருடமாகிறது. இத்தனை வருடத்தில் உன்னை அதிகம் படுத்தியெடுத்த சொல் எது என்று கேட்டால் யோசிக்காமல் சொல்வேன்: பாலக்ஸ் (bollocks). நேர்ப்பொருள் விரை. பேச்சுவழக்கில் கொட்டை. அந்தச் சொல் இந்த மதிப்புரை முழுக்க வரும், அதனால் முதலிலேயே சொல்லிவிடுகிறேன்.

வேலைக்குச் சேர்ந்த இரண்டாம் வருடம். ஒரு தொழிற்சாலைக் கதை. மேலாளர் அறையிலிருந்து வெளியே வரும் இளைஞன், "எனக்குச் செம பாலக்கிங்" என்கிற மாதிரி ஒரு வரி சொல்கிறான். கையிலிருந்த சாதாரண அகராதியில் பாலக்ஸ் என்றால் விரை என்று மட்டும்தான் இருந்தது. நான் "விரையிலேயே உதைத்துவிட்டார்" என்று எழுதி அனுப்பினேன். எங்கள் நிறுவனத்தில் சரிபார்க்கும் அண்ணன் போன் பண்ணினார். "என்னம்மா, உதை வாங்கினவன் அடுத்த காட்சியிலேயே சைக்கிள் மிதிச்சுக்கிட்டுப் போறான்? அந்த ரூமுக்குள்ள சண்டையே நடக்கலியே." படத்தை மறுபடி ஓட்டிப் பார்த்தேன். அவன் முகத்தில் வலி இல்லை, அவமானம்தான் இருந்தது. கண்ணாடிக்கு அந்தப் பக்கம் மேலாளர் இன்னும் விரலை ஆட்டிக்கொண்டிருந்தார். பாலக்கிங் என்றால் கடுமையான திட்டு. "நல்லா வாங்கிக் கட்டிக்கிட்டேன்" என்று மாற்றினேன். இரண்டு வரி, திரையில் இரண்டரை நொடி. அதற்காக ஒரு ராத்திரி முழுக்கத் தேடியிருந்தேன்.

அந்தத் தேடலில்தான் ஜோனத்தன் கிரீனின் ஸ்லாங் அகராதி கண்ணில் பட்டது. 2010ல் மூன்று பெரிய தொகுதிகளாக அச்சில் வந்தது. 2016ல் இணையத்துக்கு வந்தது. இப்போது காசு கொடுக்காமலே பயன்படுத்தலாம். கொச்சைமொழியைத் தொகுப்பதையே வாழ்நாள் வேலையாக வைத்துக்கொண்ட ஒரு மனிதரின் உழைப்பு அது. நான் தினமும் திறக்கும் பக்கம் அதுதான், அதனால்தான் இதை எழுதுகிறேன்.

மற்ற அகராதிகளிலிருந்து இது எங்கே வேறுபடுகிறது? ஒவ்வொரு பொருளுக்கும் கீழே ஆண்டு வாரியாக மேற்கோள்கள் அடுக்கியிருக்கும். நாடகம், செய்தித்தாள், நாவல், பாட்டு என்று எங்கெங்கே அந்தச் சொல் வந்ததோ அங்கிருந்து எடுத்த வரிகள். ஒரு சொல்லுக்கு என்ன பொருள் என்பது எனக்குப் பாதி விடைதான். எந்த வருடத்தில், எந்த மாதிரி ஆள் வாயில், எந்த நாட்டில் அது வந்தது என்று தெரிந்தால்தான் தமிழில் ஒரு வரி எழுத முடியும். 1950களில் நடக்கும் கதையில் ஒருவன் 1980களின் சொல்லைப் பேசினால், அதை எழுதியவர் தவறு செய்திருக்கிறார் என்று எனக்குத் தெரியவேண்டும். இல்லாவிட்டால் நானும் அதே தவறைத் தமிழில் செய்வேன்.

பாலக்ஸ் என்று தேடிப் பாருங்கள். பெயர்ச்சொல் ஒரு பதிவு, வாயிலிருந்து தெறிக்கும் வியப்புச்சொல் ஒரு பதிவு, வினை இன்னொரு பதிவு. ஒரே சொல் எத்தனை வேடம் போடுகிறது என்று அங்கேதான் எனக்கு உறைத்தது. 'லோட் ஆஃப் பாலக்ஸ்' என்றால் சுத்தப் பேத்தல். தனியாகக் கத்தினால், கையிலிருந்தது விழுந்து உடைந்துபோன நேரத்துச் 'சே!'. ஒருவனைக் குறித்து 'பாலக்ஸ் டு ஹிம்' என்றால் அவன் கிடக்கான். 'பாலக்ஸ் அப்' என்றால் காரியத்தைக் கெடுத்துக் குட்டிச்சுவராக்குவது. 'டிராப் எ பாலக்' என்றால் பெரிய தப்புப் பண்ணிவிடுவது. 'பாலக் நேக்கட்' என்றால் பொட்டுத் துணியில்லாமல். அயர்லாந்தில் ஓர் ஆளையே 'யூ பாலக்ஸ்' என்று திட்டுவார்கள். அமெரிக்காவில் அதையே 'பாலிக்ஸ்' என்று எழுதி, அதற்குள் ஓர் உறுப்பு ஒளிந்திருக்கிறது என்ற நினைப்பே இல்லாமல் குளறுபடி என்ற பொருளில் சாதாரணமாகப் பேசுவார்கள்.

இத்தனையும் மட்டம்தட்டும் பொருள். ஆனால் 'த டாக்ஸ் பாலக்ஸ்', அதாவது நாயின் கொட்டை, என்றால் மட்டும் உலகத்திலேயே உயர்ந்தது! ஒரு மெக்கானிக் தான் பழுதுபார்த்த பைக்கைத் தடவிக்கொண்டே இதைச் சொல்கிறான். அவன் கண்ணில் பெருமை ததும்புகிறது. ஒரு நிறுவனம் எனக்கு அனுப்பிய சொற்பட்டியலில் இதற்கு "நாயின் விதைப்பை" என்று இருந்தது. அதை மாற்றச் சொல்லி மூன்று மின்னஞ்சல் அனுப்பினேன். கிரீன் தந்த மேற்கோள்களை ஆதாரமாக வைத்த பிறகுதான் ஒத்துக்கொண்டார்கள். "சும்மா கிண்ணுனு இருக்குல்ல?" என்று போனது அந்த வரி.

புகழ்ச்சிப் பொருள் எங்கிருந்து வந்தது? 1920களிலேயே 'தேனீயின் முழங்கால்', 'பூனையின் மீசை' என்று ஆங்கிலத்தில் புகழ்வார்கள், குறிப்பாக அமெரிக்காவில். அந்த வரிசையின் கரடுமுரடான தம்பி இது என்பது என் எண்ணம். 'விஸ்' என்ற பிரிட்டிஷ் நகைச்சுவைப் பத்திரிகை 1989ல் தன் தொகுப்பு ஒன்றுக்கு இதையே தலைப்பாக வைத்தது. அதற்கும் முன்னால் இதே தொடருக்கு அச்சுக்கூடத்தில் வேறொரு பொருள் இருந்தது. எரிக் பார்ட்ரிட்ஜ் தன் ஸ்லாங் அகராதியின் 1949 பதிப்பில் குறித்திருக்கிறார்: முக்காற்புள்ளி போட்டு அதையொட்டி ஒரு நீளக் கோடு இழுத்தால் (:—) அதற்கு அச்சுக்கோப்பவர்கள் வைத்த பெயர் அது. பக்கவாட்டில் ஒரு தடவை பாருங்கள். ஈய எழுத்துகளோடு நாள் முழுக்க நின்ற மனிதர்களின் கண் அது.

கிரீனின் எல்லை சுமார் 1500ஆம் ஆண்டோடு நின்றுவிடுகிறது. அதற்கு முந்தைய காலம் வேண்டுமென்றால் ஆக்ஸ்ஃபோர்டு பேரகராதியைத்தான் திறக்கவேண்டும், அதற்குச் சந்தா கட்டவேண்டும். இந்தச் சொல்லுக்கோ மிகச் சுவையான பகுதி அந்தப் பழைய காலத்தில்தான் இருக்கிறது. பழைய ஆங்கிலத்தில் 'பெயல்லுகாஸ்' என்று இருந்தது. பந்து என்ற சொல்லோடு உறவு, சின்ன உருண்டை. அந்தக் காலத்தில் இது கெட்ட வார்த்தையே இல்லை. 14ஆம் நூற்றாண்டின் ஆங்கில மொழிபெயர்ப்பான விக்லிஃப் பைபிளில், லேவியராகமம் 22:24ல், காயடித்த மிருகத்தைக் கர்த்தருக்குப் பலியிடக்கூடாது என்ற இடத்தில் இதே சொல் உட்கார்ந்திருக்கிறது. 1611ல் வந்த ஜேம்ஸ் மன்னர் மொழிபெயர்ப்பில் உறுப்பின் பெயரையே காணோம். நசுங்கியது, நொறுங்கியது, அறுபட்டது என்று மட்டும் சொல்லி நழுவிவிட்டார்கள். நம் தமிழ் வேதாகமத்தை எடுத்துப் பாருங்கள், "விதை" என்று நேராகவே இருக்கிறது. அதைப் படித்தபோது எனக்குச் சந்தோஷமாக இருந்தது.

அந்தக் காலத்தில் செடிக்கும் இந்தப் பெயர் இருந்தது. ஆர்க்கிட் செடியின் கிழங்குகள் இரண்டிரண்டாக இருப்பதால் அதைப் 'பாலக் புல்' என்றார்கள். ஆர்க்கிட் என்ற சொல்லே கிரேக்கத்தில் விரைதான், பூக்கடையில் யாருக்கும் அது நினைவுக்கு வருவதில்லை. கத்திக்கும் அதே பெயர். கைப்பிடியின் அடியில் இரண்டு உருண்டை வைத்த குத்துவாள், பாலக் டாகர். விக்டோரியா காலத்துப் பழம்பொருள் ஆர்வலர்கள் கூச்சப்பட்டு அதைச் 'சிறுநீரகக் குத்துவாள்' என்று மாற்றினார்கள். 1545ல் மூழ்கி 1982ல் தூக்கப்பட்ட மேரி ரோஸ் என்ற இங்கிலாந்துப் போர்க்கப்பலில் இந்தக் கத்திகள் ஏராளமாகக் கிடைத்தன. போர்ட்ஸ்மத்தில் அவற்றைப் பார்க்கலாம். உண்மைப் பெயர் மறுபடி வழக்கத்துக்கு வந்துவிட்டது.

சொல் எப்போது சேற்றில் இறங்கியது? 1785ல் கேப்டன் ஃபிரான்சிஸ் குரோஸ் தொகுத்த கொச்சைமொழி அகராதி அந்த மாற்றத்துக்கு நல்ல சாட்சி. லண்டனின் ராத்திரித் தெருக்களில் சுற்றிச் சொல் பொறுக்கிய மனிதர். அவர் வழிவந்த அகராதியில் விரை என்ற பொருளோடு, பாதிரியாருக்கு வைக்கும் பட்டப்பெயர் என்றும் இருக்கிறது.

அந்தப் பாதிரியார் பொருள் 1977ல் ஒரு வழக்கையே காப்பாற்றியது. செக்ஸ் பிஸ்டல்ஸ் குழுவின் 'நெவர் மைண்ட் த பாலக்ஸ்' இசைத்தட்டின் உறையை நாட்டிங்காமில் ஒரு கடை ஜன்னலில் வைத்தார்கள். 1889ஆம் ஆண்டின் ஆபாச விளம்பரச் சட்டத்தில் போலீஸ் வழக்குப் போட்டது. கடைக்காரருக்காக வாதாடிய வழக்கறிஞர் ஜான் மார்ட்டிமர். நாட்டிங்காம் பல்கலைக்கழக ஆங்கிலப் பேராசிரியர் ஜேம்ஸ் கின்ஸ்லி சாட்சிக் கூண்டில் ஏறினார். அவரே ஆங்கிலிக்கன் குருவாக இருந்தவர். இது பழைய ஆங்கிலச் சொல், பைபிளில் வந்தது, பிறகு உளறும் பாதிரியாருக்குப் பெயரானது, அதிலிருந்து உளறல் என்ற பொருள் வந்தது என்றார். நவம்பர் 24 அன்று, மனசில்லாமல்தான் என்றாலும், நீதிபதிகள் விடுதலை செய்தார்கள். உளறல் என்ற பொருளுக்குப் பாதிரியார் ஒருவர்தான் காரணம் என்பதை நான் முழுதாக ஏற்கவில்லை. உறுப்புப் பெயர்கள் அவமதிப்பாக மாறுவதற்கு இடையில் யாரும் வேண்டியதில்லை. நம் "மயிர்" எப்படி மாறியது? குறளில் "மயிர்நீப்பின் வாழாக் கவரிமா" என்று மானத்துக்கு உவமையாக நிற்கும் சொல்லை, இன்று ஒருவன் முகத்துக்கு நேரே சொன்னால் சட்டையைப் பிடிப்பான். எந்தப் பாதிரியாரும் நடுவில் வரவில்லை. ஆனாலும் ஒரு சொல்லின் வரலாற்றைச் சொல்லி ஒரு கடைக்காரரை விடுவித்தார்களே, அது எனக்கு இன்றும் சிலிர்ப்பாக இருக்கிறது.

கிரீனில் எனக்குள்ள குறைகளையும் சொல்லிவிடுகிறேன். முதலாவது, எழுத்துக்கூட்டு. பழைய நூல்களில் இந்தச் சொல் ஆங்கில 'ஏ' வைத்து பேலக்ஸ் (ballocks) என்று இருக்கும், இன்று 'ஓ'. தேடும்போது இரண்டையும் முயன்று பார்க்கவேண்டும். புதியவர்கள் ஒன்றோடு நின்றுவிடுவார்கள். இரண்டாவது, உச்சரிப்பு இல்லை. மூன்றாவதுதான் எனக்குப் பெரிய குறை: காரம் எவ்வளவு என்று சொல்வதில்லை. அம்மா எதிரில் பேசலாமா, அலுவலகத்தில் பேசலாமா, சண்டையில் மட்டும்தானா? மேற்கோள்களைப் படித்து நாமே ஊகிக்கவேண்டும்.

இதற்கு நான் கண்ட வழி, பிரிட்டனின் ஒளிபரப்புக் கட்டுப்பாட்டு அமைப்பான ஆஃப்காம் 2016ல் வெளியிட்ட ஆய்வு. மக்களிடம் கேட்டு ஒவ்வொரு சொல்லையும் லேசு, நடுத்தரம், கடுமை, மிகக் கடுமை என்று பிரித்திருக்கிறார்கள். பாலக்ஸ் நடுத்தரம். இரவு 9 மணிக்கு முன் ஒளிபரப்பினால் சிலருக்கு உறுத்தும். 2019 ஐரோப்பியத் தேர்தலில் லிபரல் டெமாக்ரட் கட்சி தன் தேர்தல் அறிக்கையின் அட்டையிலேயே 'பாலக்ஸ் டு பிரெக்ஸிட்' என்று அச்சடித்தது. பிரெக்ஸிட் என்றால் பிரிட்டன் ஐரோப்பிய ஒன்றியத்திலிருந்து விலகுவது. ஒரு தேசியக் கட்சி அட்டையில் போடும் அளவுக்கு இறங்கிய காரம். அதனால் தமிழில் இதற்குத் தாய், தமக்கையை இழுக்கும் வசைகளைப் போடவே கூடாது என்பது என் முடிவு. அது இங்கிலாந்தில் ஒரு மெல்லிய சூட்டை இங்கே கொதிக்கவைப்பதாகிவிடும். "மயிரு" கூடச் சில இடத்தில் கூடுதல். "பேத்தல்", "கப்சா", "நாசமாப் போச்சு", "அவன் கிடக்கான்" இவைதான் பெரும்பாலும் எடை சரியாக நிற்பவை.

யாருக்கு இந்த அகராதி? மொழிபெயர்ப்பவர்களுக்கு, டப்பிங் வசனம் எழுதுபவர்களுக்கு, பழைய ஆங்கில நாடகம் படிக்கும் மாணவர்களுக்குக் கட்டாயம். அவசரத்துக்கு ஒரு பொருள் தெரிந்தால் போதும் என்பவர்களுக்கு இது அதிகம், கைபேசியில் அந்த மேற்கோள் அடுக்கைப் படிப்பதும் கஷ்டம். பெரிய திரையில் படியுங்கள். மேற்கோள்களை மேலிருந்து கீழாக, வருட வரிசையில் படியுங்கள். பொருள் தானாகப் பிடிபடும்.

போன வாரம் ஒரு கிழவர் பாத்திரம். மகன் தன் கல்யாணம் முறிந்ததைப் பற்றி நீளமாக ஒரு காரணம் சொல்கிறான். கிழவர் டீக்கோப்பையை வைத்துவிட்டு, ரொம்ப அன்பாக, தணிந்த குரலில், "பாலக்ஸ்" என்கிறார். அகராதியில் எந்த வரியும் இந்தத் தொனிக்கு உதவவில்லை. பத்து நிமிடம் அவர் முகத்தையே நிறுத்திப் பார்த்தேன். கடைசியில் எழுதியது: "போடா, பொய் சொல்றே."