ஒழுகும் கூலன்ட் எல்போ: புது பிளாஸ்டிக்கா, பஞ்சிகாவத்தைச் சாமானா, லேத்தில் கடைந்த உலோகமா?

கொழும்பில் காருக்கடியில் ஈரம் கண்டதும் பதற வேண்டாம். பெரும்பாலும் அது ஏசித் தண்ணீர்தான். காலி வீதியில் கொள்ளுப்பிட்டியிலிருந்து வெள்ளவத்தை வரை மாலை நெரிசலில் ஊர்ந்து வந்த எந்தக் காரும் நிறுத்திய இடத்தில் ஒரு கோப்பைத் தண்ணீராவது விடும். விரலால் தொட்டுப் பாருங்கள். ஏசித் தண்ணீருக்கு நிறமில்லை, மணமில்லை, விரலில் வழுக்காது. நம் ஊர் வலப்பக்க ஸ்டியரிங் கார்களில் அது பெரும்பாலும் இடது முன்சீட்டுப் பக்கமாகச் சொட்டும். கூலன்ட் (எஞ்சினைக் குளிர்விக்கச் சுற்றும் திரவம்) என்றால் இரண்டு விரலுக்கிடையில் எண்ணெய்போல் வழுக்கும், இனிப்பாய் ஒரு வாடை அடிக்கும். நாக்கில் வைத்துப் பார்க்கும் பழக்கம் வேண்டவே வேண்டாம். எத்திலீன் கிளைகோல் நஞ்சு, பூனையும் நாயும் நக்கினால் செத்துவிடும்.

இந்தச் சோதனை ஒரு இடத்தில் கைவிடும். பைப் தண்ணீரை ஊற்றியே வருடக்கணக்கில் ஓடும் கார்களில் ஒழுகுவதும் வெறும் தண்ணீர்தான். அப்படிப்பட்ட காரில் காலையில் எஞ்சின் குளிர்ந்திருக்கும்போது ரிசர்வ் தொட்டியில் மட்டம் இருக்கும் இடத்தில் ஒரு கோடு கீறி, மூன்று நாள் பார்த்தால் விஷயம் தெரிந்துவிடும்.

மட்டம் இறங்குகிறது என்றால் அடுத்தது இடம் தேடுவது. கூலன்ட் காய்ந்த இடத்தில், உப்புப் பூத்த சுவர்போல வெள்ளையாகவோ இளஞ்சிவப்பாகவோ பொருக்கு கட்டியிருக்கும். பிளாஸ்டிக் எல்போவில், அதாவது கூலன்ட் ஹோஸை எஞ்சினோடு இணைக்கும் வளைந்த குழாய்த் துண்டில், அதைத் தேட வேண்டிய இடம் ஹோஸ் மாட்டிய நுனி அல்ல. கழுத்து உடம்போடு சேரும் அடி மூலையில் மயிரிழை அளவில் ஒரு வெடிப்பு ஓடும். ஹோஸை மெல்ல அசைத்தால் அந்த இழை ஈரமாகிப் பளபளக்கும். நேரமும் துப்புச் சொல்லும். காலையில் மட்டும் சொட்டி, ஓடியபின் நின்றுவிடுகிறதென்றால் இறுகிப்போன ஓ-ரிங்கையோ (இணைப்பில் ஒழுக்கை அடைக்கும் ரப்பர் வளையம்) தளர்ந்த கிளிப்பையோ சந்தேகியுங்கள். சூட்டில் பிளாஸ்டிக்கும் ரப்பரும் விரிந்து இடைவெளியை அடைத்துவிடும். தரையில் ஒரு சொட்டும் இல்லை, ஆனால் நிறுத்தியதும் பொனட்டுக்குள்ளிருந்து இனிப்பு வாடை வருகிறதென்றால், அழுத்தம் ஏறும்போது மட்டும் வெடிப்பு வாய் திறக்கிறது, விழுவது சூட்டிலேயே ஆவியாகிறது என்று அர்த்தம்.

உறுதிப்படுத்தக் கைப்பம்ப் வைத்த பிரஷர் டெஸ்டர் வேண்டும். எவ்வளவு அழுத்தம் ஏற்றலாம் என்பது ரேடியேட்டர் மூடியிலேயே இருக்கிறது. ஜப்பான் கார் மூடிகளில் 0.9 அல்லது 1.1 என்றிருக்கும். பிஎம்டபிள்யூ மூடியில் 140 அல்லது 200 என்றிருந்தால் 1.4 பார், 2 பார் என்று எடுத்துக்கொள்ளுங்கள். அதற்கு மேல் ஏற்றினால் நல்ல சாமானும் வெடிக்கும். ஏற்றிவிட்டுப் பதினைந்து நிமிடம் முள்ளைப் பாருங்கள். முள் இறங்குகிறது, வெளியே எங்கும் ஈரமில்லை என்றால் முன்சீட்டுக் கால்மிதியைத் தூக்கி ஹீட்டர் கோர் (காருக்குள் சூடு தரும் சிறு ரேடியேட்டர்) ஒழுகுகிறதா என்று பாருங்கள். அங்கும் காய்ந்திருந்தால் ஹெட் காஸ்கட் (எஞ்சின் ஹெட்டுக்கும் பிளாக்குக்கும் நடுவிலுள்ள அடைப்புத் தகடு) சோதனை செய்யுங்கள்: ரேடியேட்டர் வாயில் வைத்த நீலத் திரவம் மஞ்சளானால் எஞ்சினில் எரிந்த வாயு கூலன்டுக்குள் வருகிறது. அப்போது எல்போ மாற்றிப் பயனில்லை.

வெடிப்பு எல்போவில்தான் என்று முடிவானபின் வருவதுதான் கேள்வி. எதை வாங்குவது? 2020 மார்ச்சில் நின்ற வாகன இறக்குமதி, தனியார் கார்களுக்கு 2025 பெப்ரவரியில்தான் மீண்டும் திறந்தது. அதனால் கொழும்பு வீதிகளில் ஓடும் கார்களில் ஏராளமானவை பத்து வயதைத் தாண்டியவை. கூலன்ட் படும் பிளாஸ்டிக் பலமிழக்கும் வயதும் அதுதான். குளிர்நாட்டு விளம்பரங்களில் கூலன்ட் என்றால் உறைபனியைப் பற்றித்தான் பேச்சு. இங்கே எதிரி சூடு. ஓடி நின்று ஓடி நின்று, பிளாஸ்டிக் ஒரு நாளில் பலதடவை விரிந்து சுருங்குகிறது.

அந்தப் பிளாஸ்டிக் பெரும்பாலும் கண்ணாடி இழை கலந்த நைலோன். சாமானின் ஒரு மூலையில் பிஏ66-ஜிஎஃப்30 (PA66-GF30) என்று சிறிய எழுத்தில் அச்சு இருக்கும். 30 என்பது இழையின் வீதம். சூடான கிளைகோல் கலவை இந்த நைலோனின் சங்கிலிகளை மெல்ல அறுக்கிறது. 82 பாகையில் தெர்மோஸ்டாட் (சூடேறியதும் ரேடியேட்டருக்கு வழி விடும் வால்வு) திறக்கும் ஜப்பான் எஞ்சினில் அது நிதானமாக நடக்கும். எரிபொருள் சேமிக்க 105 பாகையிலும் அதற்கு மேலும் ஓடும் சில பிஎம்டபிள்யூ எஞ்சின்களில் அது விரைவாக நடக்கும். பிபிஎஸ் (PPS) என்று அச்சிட்ட சாமான் சூட்டுத் தண்ணீரை இதைவிட நன்றாகத் தாங்கும். இரண்டும் கிடைத்தால் யோசிக்காமல் பிபிஎஸ்ஸை எடுங்கள்.

புது பிளாஸ்டிக்: அசலும் நகலும்

எஞ்சின் உடம்பில் போல்ட் போட்டு, ஓ-ரிங் வைத்து இறுக்கும் எல்போவுக்கு (இதுதான் பிளாஞ்ச்) புது அசல் சாமானே முதல் தெரிவு. உடைந்த சாதியையே ஏன் மறுபடி போடுவது என்று கேட்பது நியாயம்தான். ஆனால் ஓ-ரிங் பள்ளத்தின் ஆழம், போல்ட் துளையில் இருக்கும் உலோகக் குழல், சென்சார் உட்காரும் இடம் எல்லாம் அளவு பிசகாமல் வருவது அதில்தான். இன்னொரு பத்து வருடம் ஓடினால் போதாதா?

மலிவு நகலை வாங்குமுன் ஒரு நிமிடம் கையில் வைத்துத் தடவிப் பாருங்கள். வார்ப்பு அச்சின் இரண்டு பாதியும் சேர்ந்த கோடு கழுத்தின்மேல் நீளவாக்கில் ஓடும். அசலில் அந்தக் கோடு நகத்துக்குப் பிடிபடாத அளவுக்கு மழிக்கப்பட்டிருக்கும். நகலில் நகம் தட்டும். ஹோஸை எவ்வளவு இறுக்கினாலும் அந்த மேட்டின் இருபுறமும் மயிரிழை இடைவெளி நிற்கும், கூலன்ட் அதன் வழியே நடந்து வெளியே வரும். மேடு ஓ-ரிங் உட்காரும் முகத்தில் இருந்தால் திருப்பிக் கொடுத்துவிடுங்கள். துளையில் உலோகக் குழல் இல்லாத நகலையும் அப்படித்தான். போல்ட் இறுக்கும் விசை முழுதும் பிளாஸ்டிக்கில் விழும், சில மாதத்தில் அது அமுங்கி போல்ட் தளரும்.

தொழிற்சாலையில் செய்த அலுமினியப் பிளாஞ்ச் உங்கள் மொடலுக்குக் கிடைத்தால் அது பிளாஸ்டிக்கைவிட மேல். பிளாஸ்டிக்குக்குப் பதிலாக அப்படிக் கிடைப்பது பெரும்பாலும் சில ஐரோப்பிய எஞ்சின்களுக்குத்தான்.

பஞ்சிகாவத்தைப் பாவித்த சாமான்

பாவித்த வாகனச் சாமான் கடைகள் நிறைந்த பஞ்சிகாவத்தையிலும் தெல்கந்தையிலும் தேடினால் கிடைக்காத சாமான் குறைவு. ஆனால் பாவித்த பிளாஸ்டிக் எல்போ வாங்குவது, உங்கள் காரில் உடைந்ததன் தம்பியை வாங்குவது. அதே வயது, அதே சூடு, என்ன தண்ணீர் ஊற்றினார்கள் என்பது மட்டும் தெரியாது. பார்வைக்குக் கறுப்பாக நல்லாகவே இருக்கும். வெந்த நைலோன் விளிம்பை இடுக்கியால் நெருக்கினால் பிஸ்கட்போல் நொறுங்கும். கடைக்காரர் அந்தச் சோதனைக்கு விடமாட்டார்.

உலோகமென்றால் கதை வேறு. ஜப்பான் கார்கள் பலவற்றில் வாட்டர் அவுட்லெட் (எஞ்சினிலிருந்து கூலன்ட் வெளிவரும் வாய்) வார்ப்பு அலுமினியம். அதில் ஓ-ரிங் முகமும் ஹோஸ் கழுத்தும் அரிக்காமல் இருந்தால் பாவித்தது தாராளமாகப் போதும். கழுத்தில் கிளிப் அமரும் இடத்தில் அம்மைத் தழும்புபோல் குழி விழுந்திருந்தால் விட்டுவிடுங்கள். ஸ்பிரிங் கிளிப்களையும் பாவித்ததாகவே வாங்கலாம்.

லேத்தில் கடைந்தது

அசல் கிடைக்கவில்லை, அல்லது விலை கேட்டதும் தலை சுற்றுகிறது என்றால் லேத் பட்டறை நினைவுக்கு வரும். நல்ல கையில் இது அருமையான தீர்வு, ஆனால் எல்லா இடத்துக்கும் அல்ல. இரண்டு பக்கமும் ஹோஸ் மாட்டும் டீ (T) வடிவ இணைப்பும் நேர் இணைப்பும் லேத்துக்கே உரியவை. ஓ-ரிங் இல்லை, பிளாஞ்ச் இல்லை, தப்பு நடக்க இடம் குறைவு.

பட்டறையில் சொல்ல வேண்டியவை மூன்று. ஹோஸ் நுனிப் பக்கத்தில் சற்றே புடைத்த வளையம் விடச் சொல்லுங்கள். அது இல்லாமல் மொட்டையாகக் கடைந்தால் ஹோஸ் அழுத்தத்தில் வழுக்கிக் கழன்றுவிடும், அதுவும் ஏற்றத்தில்தான் கழலும். உள்துளை பழையதைவிடச் சிறுக்கக் கூடாது. வெளிவிட்டம் ஹோஸின் உள்ளளவுக்குச் சரியாக இருக்க வேண்டும். ஹீட்டர் ஹோஸ் பெரும்பாலும் 16 அல்லது 19 மில்லிமீற்றர். 16 ஹோஸை 17.5இல் ஏற்றினால் ஏறும், ஆனால் நுனி கிழியத் தொடங்கும். ஓ-ரிங் பிளாஞ்சையும் கடையக் கேட்டால், ஓ-ரிங் தன் தடிப்பில் ஏறத்தாழ ஐந்தில் ஒரு பங்கு அமுங்கும் ஆழத்துக்குப் பள்ளம் வேண்டும். நுழையும் விளிம்பைச் சரித்துவிடாவிட்டால் பொருத்தும்போதே ஓ-ரிங்கைச் சீவிவிடும்.

பித்தளையா, அலுமினியமா? பித்தளை கடைய இலகு, பட்டறையில் கையிருப்பில் இருக்கும். ஆனால் அலுமினிய எஞ்சினில் பித்தளையை நேரடியாக இறுக்கினால் இரண்டும் சேர்ந்து ஒரு பற்றரிபோல் நடக்கும், கரைவது எஞ்சின் பக்கம். நல்ல கூலன்ட் இருந்தால் அதிலுள்ள அரிப்புத்தடுப்பு இதை அடக்கிவைக்கும். பித்தளை ரேடியேட்டரும் அலுமினிய ஹெட்டும் பல பத்தாண்டுகள் ஒன்றாக ஓடின. பைப் தண்ணீர் ஊற்றும் காரில் அந்தப் பாதுகாப்பு இல்லை. ஆக, ஹோஸ்களுக்கு நடுவில் பித்தளை, எஞ்சினோடு முட்டும் இடத்தில் அலுமினியம்.

பசை, தூள், கட்

எபொக்சி பசை கிளைகோல் ஊறிய நைலோனில் ஒட்டாது. ஒட்டினாலும் வெடிப்பு அசைவதை நிறுத்தாது. ரேடியேட்டருக்குள் ஊற்றும் ஸ்டொப் லீக் தூள் எல்போ வெடிப்பை அடைக்குமுன் ஹீட்டர் கோரின் மெல்லிய குழாய்களை அடைத்துவிடும். இரண்டும் வேண்டாம். கடுகண்ணாவ ஏற்றத்தில் மாட்டிக்கொண்டால், எஞ்சின் முழுதும் ஆறியபின் நிரப்பி, ரேடியேட்டர் மூடியை முதல் படியில் மட்டும் மாட்டி ஓட்டலாம். அழுத்தம் ஏறாது, ஒழுக்கு குறையும். ஆனால் தண்ணீர் 100 பாகையிலேயே கொதிக்கும் என்பதால் முள்ளில் கண் வைத்து மெதுவாக. திருகு மூடித் தொட்டி உள்ள கார்களில் இந்தப் படி கிடையாது.

ஒழுகுவது ஹீட்டர் ஹோஸ் இணைப்பென்றால் கராஜில் பாஸ் சொல்வது ஒன்று: “கொழும்புல ஹீட்டர் எதுக்கு? கட் பண்ணிருவோம்.” எஞ்சினின் இரண்டு வாயையும் ஒரே ஹோஸால் யூபோல் வளைத்து இணைத்தால் பெரும்பாலும் பாதகமில்லை. இரண்டு ஹோஸிலும் போல்ட்டைச் செருகிக் கிளிப் போடுவதுதான் வம்பு. சில எஞ்சின்களில் தெர்மோஸ்டாட் மூடியிருக்கும்போது கூலன்ட் சுற்றுவதே ஹீட்டர் வழியாகத்தான். அதை அடைத்தால் சூடு தெர்மோஸ்டாட்டுக்கு நேரத்துக்குப் போய்ச் சேராது. தெர்மோஸ்டாட்டையே கழற்றி எறிவது இன்னும் மோசம். எஞ்சின் வேலைச் சூட்டுக்கு வராமல் பெற்றோல் குடிக்கும். பிரியஸ், அக்வா போன்ற ஹைபிரிட்டில் எஞ்சின் அணைய வேண்டிய நேரத்தில் அணையாது.

மாற்றும்போது

எதைத் தெரிவு செய்தாலும் கழற்றும் வேலை ஒன்றே. குறைந்தது இரண்டு மணிநேரம் ஆறவிட்டு, மூடியைத் துணியால் பிடித்துத் திறந்து, ரேடியேட்டர் அடித் திருகால் கூலன்டை வாளியில் வடியுங்கள். கானில் ஊற்றாதீர்கள். ஒட்டிப்போன ஹோஸை இழுக்காதீர்கள். ஹோஸை மாற்றுவதானால் நீளவாக்கில் கத்தியால் கீறி உரியுங்கள். இழுத்தால் கழுத்து முறிந்து பாதி துளைக்குள்ளே நிற்கும். அப்படி முறிந்துவிட்டால் துளைக்குள் ஆழமாகத் துணியைச் செருகிவிட்டு, தட்டை ஸ்க்ரூ டிரைவரால் வளையத்தை உள்நோக்கி மடக்கி உடைத்து, துண்டுகளை இடுக்கியால் எடுங்கள். எடுத்த துண்டுகளை மேசையில் பொருத்திப் பாருங்கள். ஒரு துண்டு குறைந்தால் அது தெர்மோஸ்டாட்டில் சிக்கிக் காத்திருக்கும்.

முகத்தைப் பிளாஸ்டிக் சுரண்டியால் துப்புரவாக்குங்கள். ஓ-ரிங் இருக்கும் இடத்தில் சிலிகன் பூசாதீர்கள். ஓ-ரிங்கில் கூலன்டை மட்டும் தடவுங்கள். எஞ்சின் ஒயிலோ கிரீஸோ தடவினால் அந்த ரப்பர் ஊதிப் பழுதாகும். எம்6 போல்ட் என்றால் 8 முதல் 10 நியூட்டன் மீற்றர் போதும், இரண்டையும் மாறி மாறிக் கொஞ்சம் கொஞ்சமாக இறுக்குங்கள். பிளாஸ்டிக் கழுத்தில் ஸ்பிரிங் கிளிப்தான் நல்லது. பிளாஸ்டிக் சுருங்கும்போது அதுவும் கூடவே சுருங்கும். திருகாணி வைத்த ஜூபிலி கிளிப்பை இறுக்கும் கைக்கு நிறுத்தத் தெரியாது.

நிரப்பும்போது நிறத்தை நம்பாமல் கையேட்டை நம்புங்கள். டொயோட்டாவின் இளஞ்சிவப்பு சூப்பர் லோங் லைஃப் ஏற்கெனவே பாதிக்குப் பாதி கலந்தது, மேலே தண்ணீர் சேர்க்கக் கூடாது. ஹீட்டர் குமிழை முழுச் சூட்டில் வைத்து, காற்றுத் திருகு இருந்தால் திறந்து, குமிழி நிற்கும்வரை மெதுவாக ஊற்றுங்கள். பிரியஸ், அக்வாவில் இன்வெர்ட்டருக்குத் தனித் தொட்டி இருப்பதை மறந்து அதில் ஊற்றிவிடுவது அடிக்கடி நடக்கும் தவறு. ரேடியேட்டர் ஃபேன் இரண்டு தடவை ஓடி நின்றபின் அணைத்து, மறுநாள் காலை குளிர்ந்த எஞ்சினில் மட்டம் பாருங்கள். உள்ளே சிக்கிய காற்று வெளியேறியதால் அது சற்று இறங்கியிருக்கும், கோடுவரை நிரப்புங்கள். அடுத்த நாளும் இறங்கினால் டெஸ்டரை மறுபடி மாட்டுங்கள்.