ராஜியாகப் போகிறவர்கள் ஜாயிண்ட் மெமோவைப் படித்துவிட்டுக் கையெழுத்துப் போடுங்கள்

திருப்பூரில் பவர் டேபிள் வைத்து பீஸ் ரேட்டுக்குத் தைத்துக் கொடுக்கும் சின்ன யூனிட் என்னுடையது. ஒரு எக்ஸ்போர்ட் கம்பெனி 6,80,000 ரூபாய் தையல் கூலி பாக்கி வைத்தது. ஷிப்மெண்ட் போகட்டும், பையர் பணம் வரட்டும் என்று ஒன்றரை வருடம் இழுத்தார்கள். நடுவில் கொடுத்த 2 லட்ச ரூபாய் செக்கும் திரும்பி வந்தது. பாக்கிக்கு ஒரு சிவில் வழக்கு, செக்குக்குத் தனியாக ஒரு வழக்கு என்று இரண்டையும் போட்டேன். சனிக்கிழமை ஆனால் டெய்லர்களுக்குச் சம்பளம் கொடுத்தாக வேண்டும், கோர்ட்டிலோ வாய்தா மேல் வாய்தா.

மக்கள் நீதிமன்றத்தில் பேசி முடிக்கலாம் என்ற பேச்சு அப்போதுதான் வந்தது. கம்பெனிக்காரர் என் தோளில் கை போட்டு, "ஏனுங்ணா, நமக்குள்ள எதுக்குங்க கோர்ட்டு? நாலரை லட்சம் வாங்கிக்குங்க. மாசம் அம்பதாயிரம், ஒம்பதே மாசத்துல முடிச்சுப்போடலாமுங்க" என்றார். வந்தவரைக்கும் போதும் என்று தலையாட்டினேன். அன்று சரியான கூட்டம். இரண்டு தரப்பும் ஒத்துக்கொண்டதை எழுதிக் கையெழுத்துப் போடும் ஜாயிண்ட் மெமோவை அவர்கள் வக்கீலே டைப் அடித்துக் கொண்டுவந்திருந்தார். என் வக்கீல் "இங்க, அப்புறம் இங்க" என்று விரலை வைத்தார். பத்து நிமிடத்தில் எல்லாம் முடிந்தது.

இரண்டு தவணை வந்தது. மூன்றாவதுக்குப் போனையே எடுக்கவில்லை.

நகலை வாங்கி வந்து வீட்டில் உட்கார்ந்து அப்புறம்தான் படித்தேன். முழுத் தீர்வாக 4,50,000 பெறச் சம்மதிக்கிறேன், மீதியையும் வட்டியையும் விட்டுக்கொடுக்கிறேன், செக் வழக்கை இன்றே வாபஸ் பெறுகிறேன். நான் செய்ய வேண்டியதெல்லாம் அன்றைக்கே நடந்துவிட்டது. அவர் தவணை தவறினால் என்ன ஆகும் என்று ஒரு வரிகூட இல்லை!

1987-ஆம் வருடச் சட்டப்படி மக்கள் நீதிமன்றத் தீர்வு என்பது சிவில் கோர்ட் தீர்ப்பாணைக்கு (டிகிரி) சமம். மேல்முறையீடு கிடையாது. படிக்காமல் போட்டேன் என்று சொல்லித் திரும்பிப் போக வழியில்லை. திரும்ப வழக்குப் போட வேண்டாம், தீர்வை அமல்படுத்தச் சொல்லி நேரே நிறைவேற்று மனு போடலாம் என்பது மட்டும் வசதி. கட்டிய கோர்ட் பீஸும் திரும்பக் கிடைக்கும். ஆனால் என்னால் கேட்க முடிந்தது பாக்கி 3,50,000 மட்டுந்தான். விட்டுக்கொடுத்த 2,30,000 போனது போனதுதான். ஜப்தி செய்யலாம் என்று பார்த்தால் கம்பெனி இருப்பது வாடகைக் கட்டடம், மெஷின்கள் பேங்க் கடனில்.

அந்த மெமோவில் ஒரு வரி சேர்த்திருந்தால் கதையே வேறு. 'ஒரு தவணை தவறினாலும் இந்தத் தள்ளுபடி செல்லாது. கொடுத்ததைக் கழித்துக்கொண்டு 6,80,000-க்கான பாக்கி முழுவதையும் வட்டியோடு ஒரே தடவையில் கட்ட வேண்டும்.' அவ்வளவுதான். ஒவ்வொரு தவணைக்கும் தேதி போட்ட செக் வாங்கி, அதன் எண்களை மெமோவிலேயே எழுதச் சொல்லுங்கள். ஏதாவது திரும்பினால் பேங்க் தகவல் வந்த 30 நாளுக்குள் நோட்டீஸ் விடலாம். பழைய செக் வழக்கைக் கடைசித் தவணை கைக்கு வரும் வரை வாபஸ் வாங்காதீர்கள். அதற்கு எதிராளி ஒத்துக்கொள்ளவில்லை என்றால், அவர் கட்டுகிற எண்ணத்தில் இல்லை என்று நான் எடுத்துக்கொள்வேன்.

இதையெல்லாம் ஏன் எனக்குச் சொல்லவில்லை என்று என் வக்கீலிடம் கேட்டேன். "நீங்கதானுங்க சீக்கிரம் முடிச்சுக் குடுங்கன்னு சொன்னீங்க" என்றார். சொன்னேன்தான்.