வாய்மொழி, ஓலை, பொத்தகம், கல்: ஒரு மந்திர அரசுக்கு நான்கு ஆண்டுகள் கணக்கெழுதிய அனுபவம்

நாவலுக்காக நான் கற்பனை செய்த நாட்டில் மந்திரம் அரசின் உடைமை. மழை வேண்டுமானாலும், புண் ஆற வேண்டுமானாலும் விண்ணப்பம் எழுத வேண்டும். அரசன் இசைந்து, அந்தச் சொல் ஏட்டில் ஏறிய பிறகே மந்திரம் பலிக்கும். அந்த நாட்டின் ஆவணங்களை நான்கு அடுக்குகளாகப் பிரித்து எழுதிவரத் தொடங்கி நான்கு ஆண்டுகள் ஆகிவிட்டன. கற்பனை உலகம் கட்டுகிறவர்களுக்குப் பயன்படும் என்பதால் இதை எழுதுகிறேன்.

முதலில் எல்லாவற்றையும் ஒரே தடித்த நோட்டில்தான் எழுதினேன். மூன்றாம் அத்தியாயத்தில் கொடுத்த அனுமதி பதினொன்றாம் அத்தியாயத்தில் மாறினால், பழையதை அடித்துவிட்டுப் புதியதை மேலே எழுதுவேன். எட்டு மாதத்தில் கதை முட்டி நின்றது. எது மாறியது என்று தெரிந்தது; யார் மாற்றினார், ஏன் மாற்றினார் என்பது அடித்த கோடுகளுக்குக் கீழே போய்விட்டது.

வழி சோழர் கல்வெட்டுகளில் கிடைத்தது. அரசன் வாயால் சொன்னதைக் கேட்டுக்கொள்ளும் அதிகாரிக்குத் திருவாய்க்கேள்வி என்று பெயர். அதை ஓலையில் எழுதுபவர் திருமந்திர ஓலை. அவருக்கு மேல் திருமந்திர ஓலைநாயகம். பிறகு புரவுவரித் திணைக்களத்தார், அதாவது வரித்துறையினர், வரிப்பொத்தகம் என்ற வரிக்கணக்கு ஏட்டில் ஏற்றுவார்கள். முடிவில் கல்லிலோ செம்பிலோ வெட்டுவார்கள். அங்கே மந்திரம் என்பது அரசனின் ஆலோசனை. ஆனால் 'திருமந்திர ஓலை' என்ற பெயரைப் படித்த அன்றுதான் என் நாடு உருவாயிற்று.

ஆனைமங்கலம் செப்பேடுகளை நினைத்துப் பாருங்கள். நாகப்பட்டினத்துச் சூடாமணி விகாரம் என்ற பௌத்தப் பள்ளிக்கு ஆனைமங்கலம் என்ற ஊரைக் கொடுப்பதாக ஆணையிட்டவர் முதலாம் இராசராசன். அதைச் செம்பில் வெட்டச் செய்தவர் அவர் மகன் இராசேந்திரன். வடமொழியில் 5, தமிழில் 16 என 21 ஏடுகள். தந்தையின் வாயிலிருந்து வந்த சொல் மகன் காலத்தில்தான் செம்பாயிற்று. அந்த இடைவெளியில் எத்தனை கைகள் அதைத் தொட்டிருக்கும்! என் கதை முழுவதும் அந்தக் கைகளைப் பற்றியதுதான்.

எனவே நான்கு நோட்டுகள் போட்டேன். முதலாவதில் அரசன் சொன்னது மட்டும். இரண்டாவதில் எழுத்தர் எழுதியது. மூன்றாவதில் அந்த மந்திரத்துக்கான விலையை எந்த ஊர் கொடுத்தது என்ற கணக்கு. ஓர் ஊரில் மழை பெய்தால் இன்னோர் ஊரின் கிணறு வற்றும். நான்காவதில் மக்கள் படிக்கும் கல். ஓர் அடுக்கில் எழுதியதை எக்காரணத்துக்காகவும் திருத்துவதில்லை. மாற்றம் வந்தால் அதற்கு நாளிட்டுப் புதிய பதிவு எழுத வேண்டும். எந்தப் பாத்திரம் எந்த அடுக்கைப் பார்க்க முடியும் என்பதையும் ஓரத்தில் குறித்துவைப்பேன்.

இதன் பலனை முதல் ஆண்டிலேயே கண்டேன். அரசன் ஓர் ஊருக்கு 'ஏரி நிறையும்வரை மழை' என்று சொல்கிறான். எழுத்தர் ஓலையில் 'ஏரி நிறையும்படி மழை' என்று எழுதிவிடுகிறார். அது நான் கவனக்குறைவால் செய்த பிழை. பழைய நோட்டாக இருந்தால் அடித்துத் திருத்தியிருப்பேன். விதி தடுத்ததால் அப்படியே விட்டேன். 'வரை' போனதும் மழைக்கு எல்லை போயிற்று, ஏரி உடைந்தது, ஊர் மூழ்கியது. நாவலின் நடுப்பகுதி முழுவதும் அந்த ஒரு சொல்லிலிருந்து வந்தது.

குறைகளும் உண்டு. ஒரு சிறு அனுமதிக்கே நான்கு முறை எழுத வேண்டியிருப்பதால் நேரம் அதிகம் போகிறது. சிறுகதைக்கு இம்முறை வேண்டாம், வீண் உழைப்பு. கல் நோட்டில் முதல் ஒன்றரை ஆண்டில் ஏழெட்டுப் பக்கம்கூட நிரம்பவில்லை.

பெரிய இழப்பு இரண்டாம் ஆண்டில் நேர்ந்தது. நோட்டுகளைக் கணினியில் ஏற்றும்போது, முரண்பட்ட இடங்களை எல்லாம் தட்டச்சுப் பிழை என்று எண்ணி ஒன்றோடொன்று பொருந்தும்படி மாற்றிக்கொண்டே போனேன். நல்லவேளை, தாளில் எழுதியவை பரணில் பத்திரமாக இருந்தன. இரண்டு மாதம் உட்கார்ந்து மறுபடி ஒப்பிட்டேன். அப்போது கைகொடுத்தது திருக்கோடிக்காவல். அந்த ஊர்க் கோயிலைச் சோழ அரசி செம்பியன் மாதேவியார் கற்றளியாக, அதாவது கற்கோயிலாக, புதுப்பித்தபோது பழைய கல்வெட்டுகளைப் படியெடுத்து மறுபடி வெட்டச் செய்தார். 'இது ஒரு பழங்கற்படி', அதாவது பழைய கல்லின் நகல், என்ற குறிப்போடு. பழைய கல் போனாலும், இது படி என்பதை மறைக்காத அந்த நேர்மை என்னை உலுக்கிவிட்டது. அன்றிலிருந்து படியெடுத்த ஒவ்வொரு பதிவின் தலையிலும் 'பழம்படி' என்று எழுதி நாளையும் குறிக்கிறேன். கணினிக் கோப்பில் தேடுவது எளிது. ஆனாலும் முதல் பதிவை இன்றும் கையால்தான் எழுதுகிறேன். கையால் எழுதும்போதுதான் எழுத்தரின் களைப்பு எனக்குப் பிடிபடுகிறது.

இப்போது கடைசிக்கு முந்தைய அத்தியாயத்தில் இருக்கிறேன். எழுத்தரின் பேத்தி மூழ்கிய ஊருக்கு ஓலையோடு வந்து நிற்கிறாள். அரசன் சொன்னதைக் காதால் கேட்ட அதிகாரி ஒருவர் மட்டும் உயிரோடு இருக்கிறார். மூன்று நோட்டுகளிலும் அந்த ஊரின் கணக்கை முடித்துவிட்டேன். கல் நோட்டில் ஒரு பக்கம் விட்டுவைத்திருக்கிறேன். என்ன வெட்டுவது என்று ஊரார் இன்னும் பேசிக்கொண்டிருக்கிறார்கள்.